‘அண்ணை றைற்’ சொன்ன வருமானவரி அதிகாரி

போன மாசி மாதம், லவாலில் பனி கொட்டிக்கொண்டிருந்த ஒரு ஞாயிற்றுக்கிழமை. நாலாம் வகுப்புப் படிக்கும் என் மகள் பள்ளிக்கூட வேலை ஒன்றோடு அப்பாவுக்குப் பக்கத்தில் வந்து இருந்தாள். வீட்டில் மூத்தவர் ஒருவருக்குப் பிடித்த கலைஞர் யார் என்று கேட்டு, அவரைப் பற்றி வகுப்பில் ஐந்து நிமிடம் பிரெஞ்சில் பேச வேண்டும். படமும் காட்ட வேண்டும். அவ்வளவுதான் வேலை.

அப்பா சிவாஜி என்று சொல்லுவார் என்றுதான் நான் நினைத்தேன். சிவாஜி என்றால் எனக்கும் சுலபம். இணையத்தில் படம் இருக்கிறது, வரலாறு இருக்கிறது, அரை மணித்தியாலத்தில் முடித்துவிட்டுக் கோப்பி குடிக்கலாம். அப்பா கொஞ்சம் யோசித்தார்.

“கே. எஸ். பாலச்சந்திரன் எண்டு எழுது பிள்ளை.”

மகள் ஆங்கில எழுத்தில் அடித்துத் தேடினாள். திரையில் வந்தவர் இயக்குநர் கே. பாலச்சந்தர். மூக்குக் கண்ணாடியோடு பெரிய படம், கீழே நீளமான பட்டியல். அவள் அதைப் பார்த்து எழுதத் தொடங்கிவிட்டாள். அப்பா எட்டிப் பார்த்துவிட்டுச் சிரித்தார்.

“இவர் இல்லை. இவர் பெரிய ஆள். நான் சொல்லுறது எங்கட ஆள்.”

பிறகு என்னைப் பார்த்துக் கேட்டார். “தம்பி, அந்தக் கசற் பெட்டி எங்க? அதில இருக்கு, எடுத்துப் போட்டுக் காட்டு.”

“பேஸ்மென்ரில தேடிப் பாக்கிறன் அப்பா” என்றேன். அது பொய். அந்தப் பெட்டி பேஸ்மென்ரில் இல்லை. எங்கே போனது என்பது எனக்கு நன்றாகத் தெரியும். அதைச் சொல்லுவதற்கு முதல், அந்த ‘எங்கட ஆள்’ யார் என்று சொல்ல வேண்டும். ஏனென்றால் இதை வாசிக்கும் உங்களில் பாதிப்பேர் என் மகளின் நிலையில்தான் இருப்பீர்கள்.

கே. எஸ். பாலச்சந்திரன் 1944-ல் வடமராட்சியில் கரவெட்டியில் பிறந்தவர். இலங்கையில் வருமானவரித் திணைக்களத்தில் அதிகாரியாக வேலை செய்தவர். பகலில் வரிக் கணக்கு. மற்ற நேரமெல்லாம் வானொலி, மேடை, பிறகு சினிமா, பிறகு தொலைக்காட்சி. இலங்கை வானொலியில் சில்லையூர் செல்வராசன் எழுதிய ‘தணியாத தாகம்’ தொடர் நாடகம் ஒலிபரப்பான காலத்தில், அந்த நேரத்துக்கு ரேடியோ இருக்கிற வீட்டு விறாந்தையில் அயலட்டைச் சனம் எல்லாம் கூடிவிடும் என்று அப்பா சொல்லுவார். அந்த நாடகத்தில் அவர் முக்கியமான பாத்திரம் ஒன்றில் நடித்தார். நடித்தது மட்டுமில்லை, தானும் எழுதினார். ‘கிராமத்துக் கனவுகள்’, ‘வாத்தியார் வீட்டில்’ என்று வானொலித் தொடர்கள் அவர் பெயரைச் சொல்லும்.

சினிமாவில் பெரிய நாயகன் இல்லை. 1978-ல் வந்த ‘வாடைக்காற்று’, 1981-ல் வந்த ‘நாடு போற்ற வாழ்க’, 1993-ல் வந்த ‘ஷார்மிளாவின் இதய ராகம்’ என்று இலங்கைத் தமிழ்ப் படங்களில் நடித்தார். 1982-ல் ரூபவாகினி வந்தபோது தமிழ்த் தொலைக்காட்சி நாடகங்களுக்கும் போனார். பிறகு எங்கள் எல்லாரையும் போலக் கனடாவுக்கு வந்தார். ரொறன்ரோவிலும் சும்மா இருக்கவில்லை. மேடை, வானொலி, தொலைக்காட்சி, இங்கே எடுத்த படங்கள் என்று தொடர்ந்தார். லெனின் எம். சிவம் இயக்கி 2009-ல் வந்த ‘1999’ படத்திலும் நடித்திருக்கிறார். ‘கரையைத் தேடும் கட்டுமரங்கள்’ என்று ஒரு நாவல் எழுதினார். ‘நேற்றுப் போல இருக்கிறது’ என்று தன் நினைவுகளை எழுதினார். 2014 பெப்ரவரி 26-ம் திகதி கனடாவிலேயே காலமானார்.

ஆனால் யாழ்ப்பாணத்தில் யாரிடமாவது இவர் பெயரைச் சொன்னால் இந்தப் பட்டியல் ஒன்றும் ஞாபகம் வராது. ‘அண்ணை றைற்’ என்பதுதான் வரும்.

அது ஒரு தனிநபர் நகைச்சுவை நாடகம். மேடையில் அவர் ஒருவர் மட்டும்தான். இலங்கைப் போக்குவரத்துச் சபை பஸ் ஒன்றின் கொண்டக்டர் அவர். பஸ்ஸில் ஏறுகிற சனம், இறங்குகிற சனம், மிச்சக் காசுக்குச் சண்டை பிடிக்கிற சனம் எல்லாரும் அவருடைய ஒரு குரலுக்குள் இருந்து வருவார்கள். கொண்டக்டர் சாரதிக்குப் ‘போகலாம்’ என்று குடுக்கிற சத்தம்தான் ‘அண்ணை றைற்’. பஸ் மேடையில் இல்லை. சனமும் இல்லை. ஆனால் கேட்கிறவருக்கு நெரிசலில் கால் மிதிபடுகிற மாதிரி இருக்கும்.

கலியாண வீடு, கோயில் திருவிழா என்று ஒலிபெருக்கி கட்டிய இடங்களில் எல்லாம் ஒரு காலத்தில் அந்தக் குரல் கேட்டது. நான் கேட்டது வேறு மாதிரி.

எனக்கு 7, 8 வயது இருக்கும். 90-களின் தொடக்கம். யாழ்ப்பாணத்தில் கரண்ட் இல்லை. பற்றரியும் தடை செய்யப்பட்ட பொருள். ரேடியோ கேட்க வேண்டும் என்றால் சைக்கிளைக் கவிழ்த்து வைத்து, டைனமோவில் வயர் இணைத்து, பெடலைக் கையால் சுற்ற வேண்டும். அந்தச் சுற்றுகிற வேலை என்னுடையது. அப்பா கசற்றைப் போடுவார். நான் வேகமாகச் சுற்றினால் கொண்டக்டர் கீச்சுக் குரலில் கத்துவார். கை ஓய்ந்தால் அவர் குரல் இழுபட்டுக் கட்டைக் குரலாகும். பக்கத்து வீட்டு மாமி, “டேய், பஸ் மேட்டில ஏறுது போல, இன்னும் கொஞ்சம் சுத்தடா” என்று சொல்லிச் சிரித்தது இப்பவும் காதில் இருக்கிறது. இரவில் ஷெல் சத்தம் கேட்கும். பின்னேரம் பத்துப் பேர் ஒரு கவிழ்த்த சைக்கிளைச் சுற்றி இருந்து வயிறு குலுங்கச் சிரிப்பார்கள்.

1997-ல் நாங்கள் மொன்றியலுக்கு வந்தோம். அம்மா சாறிகளுக்கு நடுவில் சுற்றிக் கொண்டுவந்தது சாமிப் படங்கள். அப்பா சுற்றிக் கொண்டுவந்தது 30-க்கு மேற்பட்ட கசற்றுகள். ஒவ்வொன்றிலும் போல்பொயின்ற் பேனையால் தன் கையெழுத்தில் பெயர் எழுதியிருந்தார். ‘அண்ணை றைற்’, வானொலியில் பதிந்த நாடகங்கள், ஊர்க் கோயில் நாதஸ்வரம், எங்கள் அப்பாச்சி பேசுகிற ஒரு பக்கம். பார்க் எக்ஸ்ரென்சனில் இரண்டு அறை அப்பாற்மென்ரில் அந்தப் பெட்டி 19 வருடம் கட்டிலுக்குக் கீழே இருந்தது.

2016-ல் லவாலில் வீடு வாங்கினேன். வீடு மாறுகிற கிழமை எப்படி இருக்கும் என்று உங்களுக்குத் தெரியும். வாடகை வான் மணித்தியாலக் கணக்கு. மனைவி ஒரு பக்கம், கைக்குழந்தை ஒரு பக்கம். அந்தப் பெட்டியைத் திறந்து பார்த்தேன். வீட்டில் கசற் போடுகிற மெஷினே இல்லை. ‘இதெல்லாம் இப்ப யூரியூப்பில இருக்கும்’ என்று நினைத்தேன். உடைந்த மேசை, பழைய பிரிண்டரோடு சேர்த்துக் கழிவுப் பொருட்கள் எடுக்கிற இடத்தில் கொண்டுபோய்ப் போட்டேன். மொத்தமாக ஒரு நிமிடம்கூட ஆகவில்லை.

நான் செய்கிற வேலையையும் சொல்லிவிடுகிறேன். கம்பனிகளின் தரவுகள் அழியாமல் காப்பாற்றுகிற வேலை. பிரதி எடுப்பது, எடுத்த பிரதி வேலை செய்கிறதா என்று சோதிப்பது, விபத்து நடந்தால் மீட்டெடுப்பது. அதற்குத்தான் எனக்குச் சம்பளம். யாரோ ஒருவருடைய பத்து வருடப் பழைய மின்னஞ்சலைக்கூட அழிய விடமாட்டேன். என் அப்பாச்சியின் குரலை ஒரு நிமிடத்தில் எறிந்துவிட்டு வந்தவனும் நான்தான்.

அந்த ஞாயிற்றுக்கிழமைக்குத் திரும்பி வருகிறேன். மகள் கேள்வி கேட்கத் தொடங்கினாள்.

“அப்பப்பா, அவர் ஃபேமஸா?”

“எங்களுக்கு ஃபேமஸ்.”

“ஃபேமஸ் எண்டா ஏன் டக்ஸ் ஒஃபிஸில வேலை செய்தவர்?”

அப்பா என்னைப் பார்த்தார். நான் அப்பாவைப் பார்த்தேன். நல்ல கேள்வி. ஆனால் பதில் ஒரு வரியில் இல்லை.

இலங்கைத் தமிழனுக்கு நடிப்பு என்பது தொழிலாக இருந்ததே இல்லை. 1962-ல் ‘சமுதாயம்’ என்ற முதல் படம் வந்த நாளில் இருந்து, எங்கள் படங்கள் தமிழ்நாட்டுப் படங்களோடு ஒரே தியேட்டருக்குப் போட்டி போட்டன. எம்.ஜி.ஆரும் சிவாஜியும் ஓடுகிற ஊரில், சிறு முதலீட்டில் எடுத்த படத்துக்கு எத்தனை நாள் கிடைக்கும்? தயாரித்தவர் கையைச் சுட்டுக்கொண்டு போனார். நடித்தவர் திங்கட்கிழமை கந்தோருக்குப் போனார். ஆசிரியர், டொக்டர், லிகிதர், வரி அதிகாரி என்று எல்லாருக்கும் இன்னொரு வேலை இருந்தது. திறமை குறைவு என்று நினைக்கக் கூடாது. அந்தத் திறமைக்குச் சம்பளம் குடுக்கிற அளவு சந்தை எங்களிடம் இருக்கவில்லை.

‘வாடைக்காற்று’ படத்தையே எடுத்துக்கொள்ளுங்கள். செங்கை ஆழியானின் நாவல், பிரேம்நாத் மொறாயஸ் இயக்கம். அதில் நடித்தவர்களின் பிற்காலத்தைப் பாருங்கள். ஏ. ஈ. மனோகரன், ‘சிலோன் மனோகர்’ என்று பெயர் எடுத்து, சென்னைக்குப் போய் அங்கே படங்களிலும் தொலைக்காட்சித் தொடர்களிலும் நடித்து, 2018-ல் அங்கேயே காலமானார். டொக்டர் இந்திரகுமார் லண்டன் போனார். ஆனந்தராணி, பாலேந்திராவை மணந்து, லண்டனில் தமிழ் நாடகத்தை இன்றைக்கும் விடாமல் செய்துகொண்டிருக்கிறார். ‘முகத்தார்’ என்று எல்லாருக்கும் தெரிந்த எஸ். யேசுரத்தினம் பாரிஸ் போனார். பாலச்சந்திரன் ரொறன்ரோ வந்தார். ஒரு படத்தின் நடிகர் பட்டியல், எங்கள் சனம் போன ஊர்களின் பட்டியலாகவே இருக்கிறது.

இந்த மனிதர்கள் போன இடத்தில் என்ன செய்தார்கள் என்பதுதான் எனக்குப் பெரிய விஷயம். வயது போய்விட்டது, நாடு மாறிவிட்டது, பனியும் புது மொழியும் வேறு. விட்டிருக்கலாம், யாரும் குறை சொல்லியிருக்க மாட்டார்கள். ஆனாலும் சமூக மண்டபங்களில், பள்ளிக்கூட அரங்குகளில், வாடகைக்கு எடுத்த ஒலிவாங்கியைப் பிடித்துக்கொண்டு நின்றார்கள். நாங்கள் அவர்களை எப்படி நடத்தினோம்? ஆண்டு விழாவில் பிள்ளைகளின் நடனத்துக்கும் இரவுச் சாப்பாட்டுக்கும் நடுவில் பத்து நிமிடம் குடுத்தோம். பின்வரிசையில் கொத்துரொட்டி வரிசை பற்றிக் கதைத்தோம். முடிவில் ஒரு பொன்னாடை. தமிழ்நாட்டிலிருந்து பாட்டுக்காரர் வந்தால் ஒரு ரிக்கெற்றுக்கு 100 டொலர் எடுத்து நீட்டுகிற கை, எங்கட ஆளுக்கு நன்கொடைப் பெட்டியில் 5 டொலர் போட்டது. நானும் அந்தப் பின்வரிசையில் இருந்தவன்தான்.

நாங்கள் வாழுகிற கியூபெக்கைப் பாருங்கள். சுமார் 90 லட்சம் பேர் உள்ள மாகாணம். சுற்றிவர ஆங்கிலக் கடல். ஹொலிவூட் படம் எல்லாத் தியேட்டரிலும் ஓடுகிறது. எங்களுக்குத் தமிழ்நாட்டுச் சினிமா எப்படியோ, அதைவிடப் பெரிய போட்டி அவர்களுக்கு. ஆனால் கலைஞர்களுக்கு 1937-லேயே தொழிற்சங்கம் அமைத்துவிட்டார்கள். ரேடியோ-கனடா 1953-ல் ‘லா ஃபமி ப்ளூஃப்’ என்று ஒரு சாதாரணத் தொழிலாளர் குடும்பத்தைத் தொலைக்காட்சியில் காட்டியது. இன்றைக்கும் அதைப் பற்றிப் பேசுகிறார்கள். மொன்றியலில் 1963-ல் ஒரு சினமாதேக் தொடங்கிப் படச்சுருள்களைச் சேர்க்க ஆரம்பித்தார்கள். 2008-ல் ‘எலெஃபான்’ என்று ஒரு திட்டம் வந்து, பழைய கியூபெக் படங்களை ஒவ்வொன்றாகத் துலக்கி டிஜிற்றலாக்கியது. எங்கள் வேலைத்தளத்தில் என் வயதுக் கியூபெக்காரர், தான் பிறக்க முதல் வந்த நகைச்சுவை நடிகரின் வசனத்தைச் சொல்லிச் சிரிக்கிறார். அது தானாக நடக்கவில்லை. சேர்த்து வைத்தார்கள், அதனால் நடக்கிறது.

‘அவங்களுக்கு அரசாங்கம் இருக்கு, எங்களுக்கு என்ன இருக்கு?’ என்று நீங்கள் கேட்பீர்கள். நியாயமான கேள்வி. எங்களிடம் இருந்ததையும் எரித்தார்கள் என்பதும் உண்மை. 1981-ல் யாழ்ப்பாண நூலகம் 97,000 புத்தகங்களோடு எரிந்தது. 1983 ஜூலையில் கொழும்புக்குப் பக்கத்தில் ஹெந்தலையில் இருந்த விஜயா ஸ்ரூடியோவை எரித்தபோது படங்களின் மூலப் பிரதிகளும் சேர்ந்து போயின. இதை நாங்கள் ஒவ்வொரு வருடமும் நினைவுகூருகிறோம், நினைவுகூரத்தான் வேண்டும்.

ஆனால் எரித்தவனைப் பற்றிப் பேசுகிற அளவுக்கு, எறிந்தவனைப் பற்றி நாங்கள் பேசுவதில்லை. என் பெட்டியை ஒரு ஆமிக்காரனும் எடுக்கவில்லை. கப்பலில், பிளேனில், சோதனைச் சாவடிகளில் எல்லாம் தப்பி வந்த பெட்டி. அது லவாலில், சமாதான காலத்தில், சொந்த மகன் கையால் போனது. ரொறன்ரோவில், பாரிஸில், லண்டனில், சிட்னியில் இப்படி எத்தனை பெட்டி ஒவ்வொரு கோடைகாலத்திலும் போகிறது என்று யோசித்துப் பாருங்கள்.

‘யூரியூப்பில் இருக்கும்’ என்று நான் நினைத்ததும் அரைகுறை உண்மைதான். அன்றைக்குத் தேடினோம். கொஞ்சம் கிடைத்தது. ஆனால் தேடுவதே சிரமம். ஒருவர் தமிழில் எழுதியிருப்பார், ஒருவர் ஆங்கில எழுத்தில், அதிலும் ஆளுக்கொரு விதமாக. தேடுபொறிக்கு எங்கட ஆளைத் தெரியாது, ஆகவே தனக்குத் தெரிந்த பெரிய ஆளைக் கொண்டுவந்து நிறுத்தும். ஒரு தனிநபர் ஏற்றிய காணொளி, அவர் கணக்கை மூடினால் அதோடு போச்சு. ஒரே ஒரு பிரதி என்பது பிரதியே இல்லை என்று எங்கள் தொழிலில் சொல்லுவோம்.

இரவு மகள் படுத்த பிறகு அப்பாவிடம் உண்மையைச் சொன்னேன். “அப்பா, அந்தப் பெட்டி இல்லை. வீடு மாறேக்க நான் எறிஞ்சிட்டன்.”

அப்பா கொஞ்ச நேரம் ரிவியைப் பார்த்துக்கொண்டிருந்தார். “தெரியும் தம்பி” என்றார். “அண்டைக்கு வானில ஏத்தேக்க எண்ணிப் பாத்தனான். ஒரு பெட்டி குறைஞ்சுது. உனக்கு அவசரம், நான் ஒண்டும் கேக்கேல்ல.”

இத்தனை வருடம் கேட்காமல் இருந்திருக்கிறார். திட்டியிருந்தால் எனக்குச் சுகமாக இருந்திருக்கும்.

அடுத்த சனிக்கிழமை நான் போனை மேசையில் வைத்து, ஒலிப்பதிவை அமர்த்திவிட்டு, “அப்பா, உங்களுக்கு ஞாபகம் இருக்கிற மட்டும் சொல்லுங்கோ” என்றேன். முதலில் வெட்கப்பட்டார். பிறகு கதிரையில் நிமிர்ந்து இருந்து, இடுப்பில் இல்லாத காசுப் பையைத் தட்டி, கொண்டக்டராக மாறினார். 40 நிமிடம். நாடகம் எது, அப்பா தானாகச் சேர்த்தது எது என்று எனக்குப் பிரித்துச் சொல்லத் தெரியாது. நடுவில் எந்தக் கலியாண வீட்டில் கேட்டது, யார் பக்கத்தில் இருந்தது, அவர் இப்ப எந்த நாட்டில் என்றெல்லாம் வந்தது. கசற்றில் இது ஒன்றும் இருந்திருக்காது. போனது போனதுதான். ஆனால் அப்பா இருக்கிறார் என்பதை நான் மறந்திருந்தேன்.

அந்தக் கோப்பை இப்போது மூன்று இடத்தில் வைத்திருக்கிறேன். ஒன்று என் கணினியில், ஒன்று வெளி வன்தட்டில், ஒன்று வேறு ஊரில் இருக்கும் தங்கச்சி வீட்டில். எங்கள் தொழிலின் பாலபாடம் அதுதான். மூன்று பிரதி, இரண்டு விதமான சாதனம், ஒன்று வீட்டுக்கு வெளியே.

உங்களிடம் நான் கேட்பது பெரிய விஷயம் இல்லை. இந்தக் கோடையில் பேஸ்மென்ரைத் துப்புரவாக்க முதல் அந்தப் பெட்டியைத் திறந்து பாருங்கள். பழைய ஒலிநாடா சில பத்து வருடம்தான் தாங்கும். ஈரமான பேஸ்மென்ரில் அதுவும் இல்லை. ஒரு பழைய கசற் பிளேயர், ஒரு வயர், ஒரு கணினி போதும். பதிந்ததும் கோப்பின் பெயரில் யார், எந்த ஊர், எந்த வருடம் என்று தமிழில் எழுதுங்கள். பெயர் இல்லாத குரல் கொஞ்ச நாளில் யாருடைய குரலும் இல்லை. 2005-ல் தொடங்கிய நூலகம் இணையத்தளம் எங்கள் புத்தகங்களையும் பத்திரிகைகளையும் சேர்த்து வைத்ததைப் போல, இந்தக் குரல்களுக்கும் வழி இருக்கிறது. அவர்களிடம் கேளுங்கள். வீட்டில் பழைய ஆட்கள் இருந்தால், பெட்டிக்கு முதல் அவர்களைப் பதியுங்கள்.

மகள் வகுப்பில் பேசினாள். வரி அதிகாரியாக இருந்த ஒரு நடிகர், மேடையில் தனியாக நின்று ஒரு பஸ் நிறைய ஆட்களைக் காட்டினார் என்று பிரெஞ்சில் சொன்னாளாம். பிறகு வகுப்புப் பிள்ளைகளை இரண்டு இரண்டு பேராகக் கதிரையில் இருத்தி, தான் கொண்டக்டராக நடுவில் நடந்தாளாம். லவாலில் பஸ்ஸில் கொண்டக்டர் இல்லை, அட்டையைத் தொட்டால் ‘பீப்’ என்று ஒரு சத்தம்தான். அதனால் கொண்டக்டர் என்றால் என்ன என்பதை விளங்கப்படுத்தவே இரண்டு நிமிடம் போய்விட்டதாம்.

“கடைசியில என்ன செய்தனீ?” என்று அப்பா கேட்டார்.

“எல்லாரையும் ஒண்டாச் சொல்லச் சொன்னன் அப்பப்பா. ரீச்சரும் சொன்னவா.”

“என்னெண்டு?”

“அண்ணை றைற்.”